ஜோர்டானில் ஏழு நாள் தனிச் சுற்றுலா: வழிகாட்டிக்கு எத்தனை நாள் பணம் கொடுக்கலாம்?

கேள்வி: நானும் என் கணவரும், 14 வயது மகளும், 68 வயது மாமியாரும் வரும் அக்டோபரில் ஜோர்டான் போகலாம் என்று இருக்கிறோம். அம்மான், ஜெராஷ், மடாபா, பெட்ரா, வாடி ரம், சாக்கடல் என்று 6 இரவு, 7 நாள். அம்மானில் உள்ள ஒரு நிறுவனம் தனி வேன், ஓட்டுநர், 7 நாளும் கூடவே வரும் வழிகாட்டி, ஹோட்டல், நுழைவுக் கட்டணம் எல்லாம் சேர்த்து நால்வருக்கும் 5,600 டாலர் கேட்கிறது. வழிகாட்டிக்கு மட்டும் நாளொன்றுக்கு 140 டாலர் என்று விசாரித்தபோது சொன்னார்கள். இதே இடங்களுக்கு இன்னொரு நிறுவனத்தின் குழுச் சுற்றுலா தலைக்கு 890 டாலர், நால்வருக்கு 3,560. இரண்டு நிகழ்ச்சி நிரலையும் இணைத்திருக்கிறேன். விமான டிக்கெட்டுக்குத் தனியாகப் பணம் எடுத்து வைத்தாயிற்று. சுற்றுலாவுக்கென்று சேர்த்தது 4,500 டாலர். மீதி 1,100 டாலரை கிரெடிட் கார்டில் தவணையாகப் போட்டுக்கொள்ளலாம் என்கிறார் கணவர். பாறையில் குடைந்த பழைய நகரமான பெட்ராவைப் பார்ப்பது மாமியாரின் நெடுநாள் ஆசை, ஆனால் அவருக்கு முழங்கால் வலி உண்டு. பாதிப் பணத்தை உடனே வங்கி வழியாக அனுப்பச் சொல்கிறார்கள். தனிச் சுற்றுலா எங்கள் வசதிக்கு அதிகமா?

பதில்: அதிகம் இல்லை. உங்கள் குடும்பத்துக்குத் தனிச் சுற்றுலாதான் சரி. ஆனால் கடன் வாங்கிப் போக வேண்டாம், இப்போது கேட்கும் விலைக்கும் போக வேண்டாம். விலையைக் குறைக்க வழி இருக்கிறது, அதுவும் மாமியாரின் வசதியில் கைவைக்காமலே.

முதலில் இரண்டு விலைகளையும் ஒரே தளத்தில் வைத்துப் பார்ப்போம். 5,600க்கும் 3,560க்கும் நடுவே 2,040 டாலர் இடைவெளி தெரிகிறது. நீங்கள் அனுப்பிய குழுச் சுற்றுலா நிரலைக் கடைசிப் பக்கம்வரை படித்தேன். அதில் நுழைவுக் கட்டணங்கள் கிடையாது. வாடி ரம் பாலைவனத்தில் ஜீப் பயணத்தை ‘விரும்பினால்’ என்று போட்டுத் தலைக்கு 45 டாலர் வாங்குகிறார்கள். வாடி ரம் போய் ஜீப்பில் ஏறாமல் யாரும் திரும்புவதில்லை, ஆகவே அது நால்வருக்கு 180 டாலர் என்று இப்போதே எழுதிக்கொள்ளுங்கள். நுழைவுக்கு ஜோர்டான் பாஸ் என்னும் பொது அனுமதிச் சீட்டு எடுத்தால் தலைக்கு 75 தினார், டாலரில் ஏறக்குறைய 106. நால்வருக்கு 424. இந்த இரண்டையும் சேர்த்தால் இடைவெளி 1,436 டாலராகச் சுருங்குகிறது. டிப்ஸ் இரண்டிலுமே தனி என்பதால் அதை இந்தக் கணக்கில் சேர்க்கவில்லை.

ஜோர்டான் பாஸ் பற்றி இங்கேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் பல நிறுவனங்கள் நுழைவுக் கட்டணம் என்று மொத்தமாக ஒரு தொகையைப் போட்டு அதற்குள் தங்கள் பங்கையும் வைத்துவிடுகின்றன. இது அரசாங்கமே இணையத்தில் விற்கும் அனுமதிச் சீட்டு. பெட்ராவில் ஒரு நாள் என்றால் 70 தினார், இரண்டு நாள் 75, மூன்று நாள் 80. ஜெராஷ், அம்மான் கோட்டை மலை, வாடி ரம் ஆகியவற்றின் நுழைவும் இதிலேயே அடக்கம். ஜோர்டானில் குறைந்தது 3 இரவு தங்குகிறவர்களுக்கு, அந்நாட்டில் இறங்குவதற்கு முன்பே இதை வாங்கியிருந்தால், 40 தினார் விசாக் கட்டணமும் இல்லை. விசாவும் பெட்ராவின் இரண்டு நாள் சீட்டும் மட்டுமே தனித்தனியாக 40ம் 55ம், 95 தினார் ஆகிவிடும். அதனால் நீங்களே வாங்கிக்கொண்டு, அந்தத் தொகையை 5,600இல் கழிக்கச் சொல்லுங்கள். கழிப்பதற்கு அவர்கள் சொல்லும் தொகை நால்வருக்கு 424 டாலரைவிட அதிகமாக இருந்தால், அந்த வித்தியாசம் உங்களுக்கு லாபம். வாங்கும் முன் உங்கள் பாஸ்போர்ட்டுக்கு வந்திறங்கும்போது விசா தருவார்களா, முன்கூட்டியே அனுமதி வேண்டுமா என்று மட்டும் உறுதி செய்துகொள்ளுங்கள்.

இனி முக்கியமான விஷயம். தனிச் சுற்றுலாவின் செலவில் இரண்டு வகை உண்டு. ஹோட்டல், சாப்பாடு, நுழைவு எல்லாம் ஆட்களோடு ஏறும். வேன், ஓட்டுநர், வழிகாட்டி மூன்றும் நாட்களோடு ஏறும். அங்கே இருவர் உட்கார்ந்தாலும் ஆறு பேர் உட்கார்ந்தாலும் அதே பணம்தான். உதாரணத்துக்கு இந்த மூன்றுக்கும் சேர்த்து நாளுக்கு 300 டாலர் என்று வைத்துக்கொண்டால், இருவருக்குத் தலைக்கு 150, நால்வருக்கு 75, ஆறு பேருக்கு 50. தனிச் சுற்றுலா என்றாலே பணக்காரர்களுக்கு என்ற எண்ணம் இருவர் போகும் கணக்கிலிருந்து வந்தது. உங்களுக்குத் தருவது 7 பேர் அமரும் வேன் என்று நிரலில் இருக்கிறது. நாத்தனார் குடும்பத்திலிருந்து இரண்டு பேர் வர விருப்பப்பட்டால், அவர்களுடைய அறையும் பாஸும் சாப்பாடும்தான் கூடும். வேனுக்கு ஏற்கெனவே நீங்கள் முழு வாடகை கொடுக்கிறீர்கள். கேட்டுப் பாருங்கள்.

யாரும் வராவிட்டாலும் பரவாயில்லை, குறைக்க வேண்டிய இடம் வேறு. ஜோர்டானில் சுற்றுலா ஓட்டுநர் வேறு, உரிமம் பெற்ற வழிகாட்டி வேறு. ஓட்டுநர் வழியில் ஊரைப் பற்றிப் பேசிக்கொண்டு வருவார், நல்ல கடையில் நிறுத்துவார், மாமியாருக்கு உடம்பு முடியாவிட்டால் மருந்துக் கடை தேடுவார். ஆனால் தொல்லியல் தலத்துக்குள் வந்து விளக்கம் சொல்ல அவருக்கு அனுமதி கிடையாது. அதற்கு உரிமம் உள்ள வழிகாட்டி வேண்டும். இந்த வேறுபாடு தெரியாமல் 7 நாளும் வழிகாட்டியை எடுத்துக்கொள்கிறவர்கள் நிறையப் பேர்.

உங்கள் நிரலை நாள்வாரியாகப் பாருங்கள். அம்மானிலிருந்து பெட்ரா போகும் நாளில் பாலைவன நெடுஞ்சாலையில் மட்டும் மூன்று மணி நேரம். வழிகாட்டி அன்று பெரும்பாலும் வேனில் உட்கார்ந்துதான் வருவார். வாடி ரம்மில் உங்கள் வேன் கிராமத்திலேயே நின்றுவிடும், உள்ளே ஜீப் ஓட்டுவதும் இடம் காட்டுவதும் அங்கேயே பிறந்து வளர்ந்த பெடூவின் என்னும் பாலைவன மக்கள்தான். சாக்கடலில் மிதப்பதற்கு யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்லை. மடாபாவில் தேவாலயத் தரையில் உள்ள 6ஆம் நூற்றாண்டு மொசைக் வரைபடம் அருமையானதுதான். முதல் நாள் இரவு ஹோட்டலில் கொஞ்சம் படித்துவிட்டுப் போனால் அரை மணி நேரத்தில் நிறைவாகப் பார்த்துவிடலாம்.

ஆனால் ஜெராஷிலும் பெட்ராவிலும் வழிகாட்டி இல்லாமல் போகாதீர்கள். இதை அழுத்தமாகவே சொல்கிறேன். ஜெராஷ் ஒரு முழு ரோமானிய நகரம். சொல்ல ஆள் இல்லாவிட்டால் அரை மணி நேரத்தில் எல்லாத் தூண்களும் ஒன்று போலத் தெரிய ஆரம்பித்துவிடும். பெட்ராவில் சிக் என்னும் 1.2 கிலோமீட்டர் மலைப்பிளவுக்குள் நடக்கும்போது எல்லோரும் அண்ணாந்து பார்த்துக்கொண்டே போவார்கள். பக்கச் சுவரில் இடுப்பளவு உயரத்தில் ஓடும் கால்வாயைக் காட்டி, மழை குறைந்த அந்தப் பாறை நாட்டில் பெட்ராவைக் கட்டிய நபத்தேயர்கள் எப்படித் தண்ணீரைச் சேர்த்து ஒரு தலைநகரையே வாழவைத்தார்கள் என்று ஒருவர் சொன்னால்தான் அந்த இடத்தின் பெருமை புரியும். 14 வயதுப் பெண்ணுக்கு அந்த இரண்டு மணி நேரம் பல ஆண்டுகள் நினைவில் நிற்கும். நிதி ஆலோசகர் செலவைக் குறைக்கத்தான் சொல்வார் என்று நினைக்காதீர்கள், இந்தச் செலவை நான் வெட்ட மாட்டேன்.

அப்படியானால் வழிகாட்டி இரண்டு நாளுக்குப் போதும். ஐந்து நாள் குறைந்தால் 140 டாலர் வீதம் 700 டாலர் மிச்சம், மொத்தம் 4,900. இன்னும் குறைக்கலாம். பெட்ராவின் பார்வையாளர் மையத்திலேயே உரிமம் பெற்ற வழிகாட்டிகள் கிடைப்பார்கள், முக்கியப் பாதைக்குச் சுமார் 50 தினார். டாலரில் 70 ஆகும், அதாவது இப்போது கேட்பதில் பாதி. ஜெராஷ் வாசலிலும் இப்படி ஏற்பாடு உண்டு. மாமியாரோடு போவதால் முன்கூட்டியே ஆளை உறுதி செய்துகொள்வது நிம்மதி என்று தோன்றினால் நிறுவனத்தின் வழிகாட்டியையே வைத்துக்கொள்ளுங்கள், தவறில்லை.

4,500 கையில் இருக்கிறது, 400 குறைகிறது. உங்கள் நிரலில் சாக்கடல் ரிசார்ட்டில் இரண்டு இரவு போட்டிருக்கிறார்கள், அதுவும் வெள்ளி, சனி. அந்நாட்டில் வார விடுமுறையே வெள்ளியும் சனியும்தான், அம்மான்வாசிகள் கூட்டமாக வரும் நாட்கள். ஒரு இரவைக் குறைத்து, அதையும் வாரத்தின் நடுவில் வருமாறு வரிசையை மாற்றித் தரச் சொல்லுங்கள். ஒரு இரவு குறைந்தால் இரண்டு அறை வாடகையோடு ஒரு நாள் வேனும் ஓட்டுநரும் குறையும். 400 டாலர் அதிலேயே பெரும்பாலும் ஈடாகிவிடும். குழுச் சுற்றுலாவில் இப்படி நாளைக் கழிக்கவே முடியாது.

அதே சமயம் பெட்ராவின் இரண்டு நாளைத் தொடாதீர்கள். பார்வையாளர் மையத்திலிருந்து கருவூலம் என்னும் அந்தப் புகழ்பெற்ற முகப்புவரை ஏறக்குறைய 2 கிலோமீட்டர், திரும்பி வரும்போது ஏற்றம். பெட்ராவுக்குள் மலைமேல் உள்ள மடாலயம் என்னும் இன்னொரு முகப்புக்குப் போக 800க்கும் மேற்பட்ட படிகள். குழுவோடு ஒரே நாளில் போனால் மாமியார் பாதியிலேயே உட்கார்ந்துவிடுவார், மற்றவர்களுக்காக அவரும் அவருக்காக நீங்களும் சங்கடப்படுவீர்கள். தனியாகப் போனால் முதல் நாள் அதிகாலை வெயில் ஏறுவதற்குள் மாமியாரோடு கருவூலம்வரை. அங்கே போய்வர மின்சார வண்டிகள் உண்டு, கட்டணம் தனி, அதற்குத் தாராளமாகச் செலவு செய்யுங்கள். மறுநாள் அவர் ஹோட்டலில் ஓய்வெடுக்க, நீங்கள் மூவரும் மடாலயம் ஏறலாம். தனிச் சுற்றுலாவுக்கு நீங்கள் கூடுதலாகக் கொடுக்கும் பணத்தின் உண்மையான பலன் இதுதான். சீட்டிலேயே குதிரைச் சவாரி அடக்கம் என்று வாசலில் அழைப்பார்கள். சவாரி இலவசம்தான், முடிந்ததும் டிப்ஸ் எதிர்பார்ப்பார்கள். ஏறும் முன்பே பேசிக்கொள்ளுங்கள்.

கடன் விஷயத்தில் கணவரிடம் ஒன்று சொல்லுங்கள். வட்டியில்லாத் தவணை என்று வந்தாலும் அதில் செயலாக்கக் கட்டணம் இருக்கும், ஒரு தவணை தவறினால் முழு வட்டியும் வந்து உட்காரும். ஊர் திரும்பிய பிறகு ஒரு வருடம் சுற்றுலாவுக்கு மாதாமாதம் பணம் கட்டிக்கொண்டிருப்பது மகளின் கல்லூரிச் சேமிப்பைத்தான் முதலில் பாதிக்கும். அவசர நிதியிலிருந்தும் எடுக்க வேண்டாம், வயதானவர் இருக்கும் வீட்டில் அது அப்படியே இருக்கட்டும்.

விலையை டாலரில் பேசுவதா தினாரில் பேசுவதா என்று யோசிக்க வேண்டாம். 1995 முதல் ஒரு டாலருக்கு 0.709 தினார் என்று கட்டிவைத்திருக்கிறார்கள், அதனால் இரண்டும் ஒன்றுதான். ஆபத்து உங்கள் நாட்டு நாணயம் டாலருக்கு எதிராகச் சரிவதில் இருக்கிறது. சுற்றுலாப் பணத்தில் ஒரு பகுதியை இப்போதே டாலராக மாற்றி வைத்துக்கொண்டால் அக்டோபர்வரை நிம்மதி. அங்கே கார்டு தேய்க்கும்போது உங்கள் நாட்டுப் பணத்தில் எடுக்கட்டுமா என்று இயந்திரம் கேட்கும். தினார் என்றே அழுத்துங்கள், இல்லாவிட்டால் மாற்று விகிதத்தில் அவர்கள் கூடுதலாக எடுத்துக்கொள்வார்கள்.

அப்புறம், அந்தப் பாதி முன்பணம். 2,800 டாலரை வங்கி வழியாக முன்பின் தெரியாத ஒரு நிறுவனத்துக்கு அனுப்பாதீர்கள். அனுப்பிய பணத்தைத் திரும்பப் பெறுவது மிகக் கடினம். கார்டில் கட்டினால், சேவை கிடைக்காதபோது வங்கியிடம் முறையிட ஒரு வழியாவது இருக்கும். கார்டுக்கு 3 சதவீதம் கூடுதல் கேட்டாலும் முன்பணத்துக்கு மட்டும் கொடுத்துவிடுங்கள். 20 முதல் 30 சதவீதம் முன்பணம், மீதி அம்மானில் இறங்கிய பிறகு என்று பேசிப் பாருங்கள், பல நிறுவனங்கள் ஒத்துக்கொள்ளும். சுற்றுலா மற்றும் தொல்பொருள் அமைச்சகத்தின் உரிம எண்ணைக் கேட்டு வாங்குங்கள். ஒப்பந்தத்தில் ஹோட்டல்களின் பெயர், வேனின் அளவு, ஓட்டுநரின் தங்குமிடச் செலவு யாருடையது என்பது எழுத்தில் இருக்கட்டும். கடைகளில் நிறுத்த வேண்டாம் என்ற வரியையும் சேர்க்கச் சொல்லுங்கள். மொசைக் பட்டறை, சாக்கடல் சோப்புக் கடை என்று ஒவ்வொரு நிறுத்தமும் நீங்கள் வாடகை கொடுக்கும் நேரத்தில்தான் போகிறது.

பயணக் காப்பீட்டில் கவனம் தேவை. 2024 ஏப்ரல் 13 அன்றும் 2025 ஜூன் 13 அன்றும் ஜோர்டான் தன் வான்வெளியை மூட நேர்ந்தது. பக்கத்து நாடுகளின் சண்டையால் விமானம் ரத்தானால் பெரும்பாலான காப்பீடுகள் போர் விலக்கு என்று சொல்லிப் பணம் தர மறுக்கும். காப்பீடு வாங்கும் நாளிலேயே செய்தியில் இருக்கும் நிலவரத்தையும் ‘தெரிந்த நிகழ்வு’ என்று ஒதுக்கிவிடும். அதனால் காப்பீட்டை மருத்துவத்துக்காக எடுங்கள். மாமியாரின் முழங்கால் சிகிச்சை, ரத்த அழுத்தம் இருந்தால் அதுவும், விண்ணப்பத்தில் மறைக்காமல் எழுதுங்கள். ரத்து ஆபத்தை ஒப்பந்தத்திலேயே சமாளிக்க வேண்டும்: வான்வெளி மூடப்பட்டாலோ உங்கள் அரசு பயண எச்சரிக்கை விடுத்தாலோ, கட்டணம் பிடிக்காமல் ஒரு வருடத்துக்குள் தேதி மாற்றித் தருவோம் என்று அவர்கள் எழுதித் தரட்டும். எழுதித் தர மறுத்தால், விலை குறைவாக இருந்தாலும் அந்த நிறுவனத்தை விட்டுவிட்டு வேறு இரண்டு இடங்களில் இதே நிரலைக் கொடுத்து விலை கேளுங்கள். அக்டோபர் அங்கே உச்ச பருவம், அதனால் இந்த மாதமே கேட்டுவிடுங்கள்.