நில அளவைத் தொழிலிலிருந்து அரசியலுக்குப் போய்ப் பெரிய ஆளானவர் யாராவது உண்டா?

உண்டு. நான் இருக்கும் பெர்த்தில் எந்தப் பக்கம் திரும்பினாலும் அவர் பெயர்தான். ஒரு நெடுஞ்சாலை, ஒரு தேசியப் பூங்கா, ஊர் நடுவில் ஒரு சதுக்கம், போதாததற்குக் கிங்ஸ் பார்க்கில் சிலை. ஜான் ஃபாரஸ்ட், மேற்கு ஆஸ்திரேலியாவின் முதல் பிரீமியர். நம்மூர்க் கணக்கில் முதலமைச்சர் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

1847-ல் பன்பரி பக்கம் பிக்டனில் பிறந்தார். அப்பா அம்மா ஒரு டாக்டர் வீட்டு வேலைக்காரர்களாகக் கப்பலேறி வந்தவர்கள். பதினாறு வயதில் ஒரு சர்வேயரிடம் தொழில் பழகப் போனார், 1865 கடைசியில் அரசு சர்வே துறையில் சேர்ந்தார். கையில் இருந்தது நம்மூரிலும் சர்வேயர்கள் இழுத்த அதே 66 அடி கூண்டர் சங்கிலி (சங்கிலிக்கு நூறு லிங்க், ஆயிரம் சதுர லிங்க் ஒரு சென்ட், கணக்கு அழகாக வரும்). ஆனால் நம்மூர் சர்வேயருக்கு எல்லைக் கல்லும் பக்கத்து வயல்காரர் சண்டையும்தான் தலைவலி. இங்கே கரையோரத்தை விட்டு உள்ளே போனால் தலைவலி ஒன்றே ஒன்று, தண்ணீர்.

1870-ல் பெர்த்திலிருந்து தென்கரையை ஒட்டியே அடிலெய்டுக்குப் போனார், ஐந்து மாதம். எட்வர்ட் எயர் என்ற பயணி 1841-ல் எதிர்த் திசையில் வந்து செத்துப் பிழைத்த வழி அது. பிறகு தந்திக் கம்பி போட்டதும் இந்தப் பாதையை ஒட்டித்தான், 1877-ல் வேலை முடிந்தது. ஆனால் பெரிய பயணம் என்றால் 1874-ல் போனதுதான். ஜெரால்டனிலிருந்து கிழக்கே, பாலைவனம் குறுக்காக, கண்டத்தின் நடுவில் போகும் தந்திக் கம்பி வரை. ஒட்டகம் கிடையாது, குதிரைகள்தான், ஆறே ஆறு பேர், அதில் தம்பி அலெக்சாண்டரும் ஒருவர். கவனிக்க வேண்டிய ஆள் டாமி விண்டிச் என்ற பழங்குடி வழிகாட்டி. முன்னால் போய் எங்கே தண்ணீர் என்று தேடிப் பார்ப்பார், கிடைத்தால்தான் மற்றவர்கள் நகர முடியும். சர்வேயருக்குப் பதக்கம், 5,000 ஏக்கர் நிலம் எல்லாம் 1876-ல் வந்தது. அதே 1876-ல் விண்டிச் தந்தி லைன் வேலையில் இருக்கும்போது நிமோனியாவில் செத்துப்போனார். ஃபாரஸ்ட் சகோதரர்கள் கல்லறைக் கல் வைத்தார்கள், அதையும் சொல்லிவிட வேண்டும்.

அந்தப் பயணத்தில் வெல்ட் ஸ்பிரிங்ஸ் என்று அவர் பெயரிட்ட ஊற்றில், ஜூன் மாதம், அந்த மண்ணின் மக்கள் கூட்டமாக வந்து தாக்கினார்கள். இவர்கள் சுட்டார்கள், அப்புறம் பாதுகாப்புக்குக் கல்லில் ஒரு குடிசையும் கட்டினார்கள். வரைபடத்தில் அது புது ஊற்று. அங்கே குடித்து வளர்ந்தவர்களுக்கு என்ன புதுசு?

சரி, அரசியல். 1883-ல் சர்வேயர் ஜெனரல், 1890-ல் காலனிக்குச் சுயாட்சி வந்தபோது நேராகப் பிரீமியர் நாற்காலி. எந்த நிலம் எங்கே இருக்கிறது என்று அவ்வளவு தெரிந்த ஆள் வேறு யாரும் இல்லையே! குடியேறி உழுகிறவனுக்கு 160 ஏக்கர் இலவசம், கடன் கொடுக்க விவசாய வங்கி என்று போட்ட சட்டங்களில் சர்வேயர் புத்தி அப்பட்டமாகத் தெரியும். அதற்குள் கூல்கார்டியிலும் கால்கூர்லியிலும் தங்கம் கிடைக்க, 1891-ல் ஐம்பதாயிரத்தைத் தொடாத ஜனத்தொகை பத்தே வருஷத்தில் 1,84,000 ஆனது. தங்கம் இருந்த இடத்தில் தண்ணீர் இல்லை. அதற்காக எடுத்த குழாய்த் திட்டம்தான் அவர் செய்ததிலேயே துணிச்சலானது என்பேன். பெர்த் பக்கத்து முண்டாரிங் அணையிலிருந்து கால்கூர்லிக்கு 530 கிலோமீட்டர், எட்டு பம்ப் நிலையங்கள், நாளுக்கு 50 லட்சம் காலன், மதிப்பீடு 25 லட்சம் பவுண்டு. வடிவமைத்த இன்ஜினியர் சி.ஒய். ஓகானர், பத்திரிகைகளின் வசைக்கு நடுவே, 1902 மார்ச்சில் தற்கொலை செய்துகொண்டார். 1903 ஜனவரியில் திறந்து வைத்தவர் ஃபாரஸ்ட், அதற்குள் காலனிகள் எல்லாம் சேர்ந்து ஒரே ஆஸ்திரேலியா ஆகி, அவர் அதன் மத்திய அமைச்சர். கால்கூர்லிக்குக் காரில் போனால் அந்தக் குழாய் சாலையோரமாகக் கூடவே வரும். முதல் தடவை பார்த்தபோது மணிக்கணக்கில் அதையே பார்த்துக்கொண்டு வந்தேன்.

இதோடு நிறுத்தினால் நன்றாகத்தான் இருக்கும், ஆனால் நேர்மையாக இருக்காது. சுயாட்சி கொடுத்தபோது காலனியின் அரசியல் சட்டத்தில் லண்டன் ஒரு பிரிவு வைத்தது, 70-வது பிரிவு. பழங்குடி மக்கள் நலனுக்கு ஆண்டுக்கு 5,000 பவுண்டு, வருமானம் 5 லட்சத்தைத் தாண்டினால் அதில் ஒரு சதவீதம். தங்கத்தால் வருமானம் எகிறியதும் அந்த ஒரு சதவீதம் பெரிய தொகை ஆகிவிட்டது. 1897-ல் ஃபாரஸ்ட் அரசு அந்தப் பிரிவையே எடுத்துவிட்டு, பழையபடி 5,000 பவுண்டு என்று நிறுத்திக்கொண்டது. விண்டிச் யாருக்குத் தண்ணீர் காட்டினாரோ அந்த ஆள் செய்த வேலை இது, எனக்கு அது தொண்டையில் நிற்கிறது.

பிறகு மத்தியில் பாதுகாப்பு, உள்துறை, பல தடவை நிதி என்று அமைச்சராகவே காலம் ஓடியது. பிரதமர் பதவிதான் கடைசிவரை கிடைக்கவில்லை. 1918-ல் பிரபுப் பட்டம் அறிவித்தார்கள். நெற்றிப்பொட்டில் புற்றுநோயோடு லண்டனுக்குக் கப்பலேறியவர், செப்டம்பர் தொடக்கத்தில் சியரா லியோன் அருகே கடலிலேயே இறந்துபோனார்.