சுகர் பேஷன்ட்டுக்கு சிகேடி (நாள்பட்ட கிட்னி நோய்) இருந்தா மெடிக்கல் கோடிங்ல என்18 கோடு மட்டும் போட்டா போதுமா?

டைப் 2 சுகர், பிபி, சிகேடி ஸ்டேஜ் 3பி மூணும் சார்ட்ல இருக்கு, என்18.32 மட்டும் போதுமான்னு கேட்டிருக்கீங்க. போதாதுங்க. நோய்களுக்குக் கோடு போடுற அமெரிக்க ஐசிடி-10-சிஎம் ரூல்படி சுகரும் சிகேடியும் சேர்ந்து இருந்தாலே ரெண்டுக்கும் தொடர்பு இருக்குன்னுதான் எடுத்துக்கணும், டாக்டர் தனியா "சுகரால வந்தது"ன்னு எழுதணும்னு அவசியமில்ல, வேற காரணம்னு தெளிவா எழுதியிருந்தா மட்டும்தான் பிரிக்கணும். பிபிக்கும் இதே கதைதான். அதனால சுகரோட சேர்ந்த சிகேடிக்கு ஈ11.22, பிபியோட சேர்ந்த சிகேடிக்கு ஐ12.9, அதுக்கப்புறம்தான் ஸ்டேஜ் சொல்ற என்18.32.

முக்கியமா ஒண்ணு, 2020 அக்டோபர்லேர்ந்து ஸ்டேஜ் 3-க்கான கோடு மூணா பிரிஞ்சிருச்சு: 3ஏ-வுக்கு என்18.31, 3பி-க்கு என்18.32, ஏ-வா பி-யான்னு சொல்லலேன்னா என்18.30. லேப் ரிப்போர்ட்ல ஈஜிஎஃப்ஆர் (கிட்னி எவ்வளவு வடிகட்டுதுங்கிற அளவு) 38 இருக்கே, அது 3பி தானேன்னு நீங்களா தயவுசெஞ்சு போட்டுறாதீங்க, ஸ்டேஜை டாக்டர்தான் எழுதணும், இல்லேன்னா விளக்கம் கேட்டு அவருக்கு குவெரி அனுப்புங்க.