ஹீ போங் என்ற பெயர்

அன்புள்ள எழுத்தாளருக்கு,

'ஓக்ஜா' படத்தில் மலை வீட்டில் பேத்தியோடு வாழும் தாத்தாவை மறக்கவே முடியவில்லை. 'தி ஹோஸ்ட்' படத்தில் அப்பாவாக வருபவரும் அவர்தானே? இத்தனை நல்ல நடிகர் கடைசிவரை கதாநாயகனாக முடியவில்லையே என்று வருத்தமாக இருக்கிறது.

ராஜி

அன்புள்ள ராஜி,

அவரேதான். கொரிய நடிகர் பியன் ஹீ போங். 1942இல் பிறந்தவர். 2023 செப்டம்பரில், 81 வயதில், கணையப் புற்றுநோயால் காலமானார்.

உங்கள் வருத்தம் எனக்கு வரவில்லை. அவர் 1960களில் எம்பிசி என்ற கொரிய ஒலிபரப்பு நிறுவனத்தில் குரல் நடிகராகத் தொடங்கியவர். அப்புறம் பல வருஷம் டிவி தொடர்கள். அதில் அவரைப் பார்த்து வளர்ந்த சிறுவன் போங் ஜூன் ஹோ, பின்னால் இயக்குநராகி, 2000இல் தன் முதல் படத்துக்கே அவரை அழைத்துக்கொண்டார். அதில் அவர் அடுக்குமாடிக் குடியிருப்பின் காவலாளி. இருட்டான நிலவறையில் உட்கார்ந்துகொண்டு 'பாய்லர் கிம்' என்று ஒருவர் செத்த கதையைச் சொல்வார். பேய் கிடையாது, பிளாஷ்பேக் கிடையாது. அவர் முகமும் குரலும்தான். அலமாரிக்குள் ஒளிந்திருக்கும் நாயகனோடு சேர்ந்து நாமும் மூச்சை அடக்கிக்கொண்டு கேட்போம். படம் முழுக்க வந்துபோகிற நாயகனைவிட எனக்கு இன்றும் நினைவில் நிற்பது இந்தக் கதைசொல்லிதான்.

போங் ஜூன் ஹோ அப்புறம் எடுத்த 'மெமரீஸ் ஆஃப் மர்டர்', 'தி ஹோஸ்ட்', 'ஓக்ஜா' மூன்றிலும் இவருடைய பாத்திரத்தின் பெயரும் ஹீ போங்தான். ஓர் இயக்குநர் தன் நடிகருக்கு இதைவிட என்ன மரியாதை செய்துவிட முடியும்? 2006இல் 'தி ஹோஸ்ட்' படத்துக்காக, கொரியாவின் புளூ டிராகன் விருதுகளில் சிறந்த துணை நடிகர் விருதும் கிடைத்தது.

அந்தப் படத்தை இன்னொரு முறை பாருங்கள். ஹான் நதிக்கரையில் தங்கள் சின்னக் கடைக்குள் குடும்பமே களைத்துக் கிடக்கிறது. மூத்த மகனை மட்டமாக நினைக்காதீர்கள், சின்ன வயதில் அவனைச் சரியாகக் கவனிக்காமல் விட்டது நான்தான் என்று மற்ற பிள்ளைகளிடம் சொல்லிக்கொண்டிருக்கிறார். அவர்களோ தூங்கி வழிகிறார்கள். சிரிப்பு வரும். ஆனால் அந்த மனிதர் வாழ்நாளெல்லாம் மனசில் வைத்திருந்ததை அன்றுதான் சொல்கிறார். அதே குரல்தான், இப்போது கேட்க ஆளில்லை.

கொஞ்ச நேரத்தில் மழையில், நதியிலிருந்து வந்த அந்த ராட்சத மிருகத்தின் எதிரே நிற்பார். இன்னும் ஒரு குண்டு இருக்கிறது என்று அந்த மூத்த மகன் எண்ணிச் சொன்ன துப்பாக்கி கையில். விசையை அழுத்துவார், குண்டு இருக்காது. மகன் எண்ணியதில் தப்பு. அவர் முகத்தில் கோபமே வராது. பிள்ளைகள் பக்கம் திரும்பி, போய்விடுங்கள் என்று கையை அசைப்பார். பள்ளிக்கூட வாசலில் நின்று, உள்ளே போ என்று அப்பாக்கள் அசைப்பார்களே, அந்த மாதிரி.