சப்பாத்துக்குள் கரட் வைத்தது யார்?

கேள்வி: பெல்ஜியத்தில், அன்ட்வேர்ப்பன் நகரத்தில் இருபத்தெட்டு வருடமாக இருக்கிறோம். மகனுக்கு 26 வயது. கணக்கியல் படிப்பைப் பாதியில் விட்டுவிட்டு நாடகப் பள்ளிக்குப் போனான். இப்போது இங்கே டச்சு மொழியில் வரும் பிளெமிஷ் தொலைக்காட்சித் தொடர்களில் சின்னச் சின்ன வேஷம். ஒன்றில் பிரேதப் பரிசோதனை டாக்டர், இன்னொன்றில் கடைக்காரன். ஊரில் கேட்பவர்களிடம் வங்கியில் வேலை என்று சொல்லி வைத்திருக்கிறேன். சின்ன வயதில் எவ்வளவு சொல்வழி கேட்ட பிள்ளை! டிசெம்பர் 5ஆம் திகதி இரவு, பிள்ளைகளுக்குப் பரிசு கொண்டுவருகிறவர் என்று சொல்லும் சிந்தர்கிளாஸ் தாத்தாவைத் தொலைக்காட்சியில் பார்த்துவிட்டு, அவருடைய குதிரைக்கென்று சப்பாத்துக்குள் கரட் வைத்துவிட்டுத்தான் படுப்பான். அவன் மனதை எப்படி மாற்றுவது?

பதில்: தங்கச்சி, அந்தக் கரட்டைக் கழுவிக் கொடுத்தது யார்? அவன் உறங்கிய பிறகு அதை எடுத்துவிட்டு, மண்டரினும் சொக்லேட்டும் வைத்தது யார்? நீங்கள்தானே. யாரை நம்பிச் செய்தீர்கள் என்று சொல்கிறேன்.

உங்கள் மகன் பார்த்த அந்தத் தாத்தா யான் டெக்லேர் என்கிற நடிகர். 1946இல், அன்ட்வேர்ப்பனுக்குப் பக்கத்தில் நீல் என்ற ஊரில் பிறந்தவர். அந்தச் சிந்தர்கிளாஸ் தொடர் 1992, 93இல் எடுத்தது. அதற்குப் பிறகும் வருடா வருடம் போட்டார்கள். வெள்ளைத் தாடி, சிவப்பு அங்கி, அந்தக் கனத்த குரல். பிளெமிஷ் பிள்ளைகளுக்கு உண்மையான தாத்தாவே அவர்தான்.

அதே 1992இல் அவர் ஆல்ஸ்ட் நகரத்து ஆலைத் தொழிலாளர்களுக்காகப் போராடிய பாதிரியாராக நடித்த படம் ஒஸ்கார் இறுதிப் பட்டியல் வரை போனது. 2003இல் வந்த ஒரு படத்தில் அவர் நினைவு தப்பிக்கொண்டே போகும் கூலிக் கொலைகாரன். செய்ய வேண்டியதை மறக்காமல் இருக்கத் தன் முன்னங்கையிலேயே எழுதி வைப்பான். அந்தக் கையை அவர் குனிந்து பார்க்கும் காட்சிகளைப் பாருங்கள். கொலைகாரன் மேலும் இரக்கம் வரும். குணச்சித்திர நடிகன் செய்கிற வேலை அதுதான்.

அப்புறம், 1997இல் வந்த 'கரக்டர்'. ஒஸ்கார் வாங்கிய டச்சுப் படம். அதில் அவர், ரொட்டர்டாமில் நீதிமன்றக் கட்டளையோடு வந்து ஏழைகளை வீட்டிலிருந்து வெளியேற்றும் அதிகாரி. பெற்ற மகனையும் கடனுக்காக வழக்கில் இழுத்து நெரிக்கிறான். மகனைத் திடமாக்கத்தான் அப்படிச் செய்தேன் என்கிற எண்ணம் அவனுக்கு. நீங்களும் கணவரும் அந்தப் படத்தை ஒரு தடவை பார்க்க வேண்டும்.

கடைக்காரன் வேஷம் சின்னது என்கிறீர்கள். ஒரு போலீஸ் தொடருக்கு வாரம் ஒரு சாட்சி, ஒரு டாக்டர், பொய் சொல்கிற ஓர் அயலவர் தேவை. அந்த இரண்டு நிமிடம் பிசகினால் கதையே நிற்காது.

மகனுக்கும் கடமை உண்டு. பெல்ஜியத்தில் டச்சு பேசும் பகுதியான பிளாண்டர்ஸ் சுமார் 68 இலட்சம் பேர் வாழும் சின்ன இடம். திரையை மட்டும் நம்பிக் குடும்பம் நடத்துவது கஷ்டம். மேடை, தொடர், கார்ட்டூனுக்குக் குரல் கொடுப்பது என்று எல்லாம் செய்ய வேண்டும். வேலையில்லாத காலத்துக்குக் கலைஞர்களுக்கென்று பெல்ஜியத்தில் தனிக் கொடுப்பனவு இருக்கிறது. அதற்கும் உழைத்ததற்குக் கணக்குக் காட்ட வேண்டும். அந்தத் தாள்களை ஒழுங்காக வைத்திருக்கிறானா? வீட்டு வாடகையில் ஒரு பங்கு தருகிறானா? 26 வயதில் தரத்தான் வேண்டும். அதை அவனிடம் கண்டிப்பாகக் கேளுங்கள். அது தாயின் உரிமை.

ஆனால் அவன் தொழிலை ஊருக்கு மறைக்க உங்களுக்கு உரிமை இல்லை. களவெடுத்த பிள்ளையைத்தான் அப்படி மறைப்பார்கள். வேறொருவர் பெற்ற நடிகனை வருடா வருடம் வரவேற்பறையில் இருத்தி, பிள்ளையையும் பக்கத்தில் இருத்திப் பார்த்தீர்கள். உங்கள் பிள்ளை நடித்த டாக்டரைப் பார்த்ததாகக் கடிதத்தில் ஒரு வரிகூட இல்லை.

இன்றைக்கே அவனுக்குப் போன் எடுங்கள். அடுத்தது எந்தத் திகதி, எத்தனை மணிக்கு, எந்தச் சனல் என்று கேட்டுக் கலண்டரில் எழுதுங்கள். பிறகு ஊருக்கு எடுத்து, வங்கி என்று சொன்னது பொய் என்றும் சொல்லிவிடுங்கள்.