ராத்திரி எழுந்து அவர் லாஸ்ட் சீனைப் பார்க்கிறேன்

கேள்வி: வயது 26. மூன்று வருடம் காதலித்தவர், வீட்டில் பார்த்த பெண்ணைக் கட்டிக்கொள்வதாகச் சொல்லிப் பிரிந்து ஆறு வாரம் ஆகிறது. நடுராத்திரியில் எழுந்து வாட்ஸ்அப்பில் அவர் லாஸ்ட் சீனைப் பார்க்கிறேன். சோறு இறங்கவில்லை. நான் அவ்வளவு பலவீனமானவளா?
- வாசகி, திருச்சி

பதில்: இல்லவே இல்லை. அமெரிக்க ஆய்வாளர் ஹெலன் ஃபிஷரின் குழு 2010-ல் ஓர் ஆய்வு வெளியிட்டது. காதலில் கைவிடப்பட்டவர்களுக்கு அந்த நபரின் படத்தைக் காட்டி மூளையை ஸ்கேன் செய்தபோது, போதைப்பொருள் ஏக்கத்தோடு தொடர்புள்ள பகுதிகள் தூண்டப்பட்டிருந்தன. உங்களை ராத்திரியில் எழுப்புவதும் அப்படியொரு ஏக்கம்தான்.

அவரை மறப்பது இப்போதைக்கு உங்கள் கையில் இல்லை. பார்ப்பதை நிறுத்துவது இருக்கிறது. '1.40 வரை விழித்திருந்தாரே, யாரோடு பேசினார்?' என்று ஆரம்பித்தால் அன்றைய தூக்கம் அவ்வளவுதான்.

மன உறுதியை நம்பி இறங்காதீர்கள், செட்டிங்ஸை மாற்றுங்கள். வாட்ஸ்அப் பிரைவசியில் உங்கள் லாஸ்ட் சீனை 'நோபடி' என்றும், ஆன்லைன் என்பதை அதேபோலவும் வையுங்கள். நீங்கள் மறைத்துவிட்டால் மற்றவர்களுடையதும் உங்களுக்குத் தெரியாது. அவர் ஸ்டேட்டஸை மியூட் செய்து, சாட்டை ஆர்க்கைவில் போடுங்கள். படங்களைக் கோபத்தில் அழிக்க வேண்டாம். மறுநாளே மனசு அதைத் தேடும். பென் டிரைவில் ஏற்றித் தோழியிடம் கொடுத்துவிட்டு, பிறகு போனிலிருந்து எடுங்கள். ராத்திரி போன் ஹாலில் சார்ஜ் ஆகட்டும். அலாரத்துக்குத் தனிக் கடிகாரம் வாங்கிக்கொள்ளுங்கள்.

மெசேஜ் அனுப்பத் துடிக்கும்போது அதை நோட்டில் எழுதிவிட்டு இருபது நிமிடம் தள்ளிப்போடுங்கள். பெரும்பாலும் வேகம் தணிந்துவிடும். ஒருநாள் தவறிப் பார்த்துவிட்டால், எல்லாம் போச்சு என்று விடாமல் மறுநாள் தொடருங்கள். பலர் சறுக்குவது பொது நண்பர்களிடம் 'எப்படி இருக்கிறார்?' என்று விசாரிக்கும்போதுதான். அவர் பேச்சை எடுக்க வேண்டாம் என்று அவர்களிடம் இப்போதே சொல்லிவையுங்கள்.

தட்டு நிறையச் சோறு வேண்டாம். மூன்று மணி நேரத்துக்கு ஒருமுறை அரை டம்ளர் கஞ்சியோ நாலு வாய் தயிர்சாதமோ போதும். மதியத்துக்குப் பிறகு காபி, டீ வேண்டாம். எத்தனை மணிக்குத் தூங்கினாலும் காலையில் ஒரே நேரத்தில் எழுந்திருங்கள்.

இரண்டு வாரத்துக்குப் பிறகும் தூக்கமும் சாப்பாடும் சரியாகவில்லை என்றால் அரசு மருத்துவமனை மனநலப் பிரிவுக்குப் போங்கள். சாக வேண்டும் என்ற எண்ணம் வந்தால் ஒரு மணி நேரம்கூடக் காத்திருக்காதீர்கள். அம்மாவை எழுப்புங்கள், 14416-க்கு அழையுங்கள். இது டெலி மனஸ் என்ற அரசின் மனநல உதவி எண். இலவசம், 24 மணி நேரமும் தமிழில் பேசலாம்.

அவருடைய கல்யாணத் தேதி உங்களுக்குத் தெரிந்திருக்கும். அன்று வீட்டில் தனியாக இருக்காதீர்கள். யாரோடு, எங்கே என்பதை இந்த வாரமே பேசி வையுங்கள்.