மும்பை தாராவியை வழிகாட்டியோடு நடந்து பார்ப்பது சரியா, எப்படித் தயாராவது?

பார்க்கலாம். ஆனால் படம் எடுக்க விடாத குழுவாகத் தேர்ந்தெடுங்கள். அங்கே வீடும் பட்டறையும் ஒன்றுதான். கேமராவைத் தூக்கினால் அடுத்தவர் சமையலறைக்குள் நுழைந்த மாதிரி. கட்டணத்தில் எவ்வளவு தாராவி மக்களுக்கே திரும்புகிறது, வழிகாட்டி உள்ளூர்க்காரரா என்றும் கேளுங்கள். மழுப்பினால் விட்டுவிடுங்கள்.

நடை இரண்டு, இரண்டரை மணி நேரம். மாஹிம் ஸ்டேஷனில் இறங்குவது வசதி. மேற்கு ரயில்வேயின் ஃபாஸ்ட் லோக்கல் அங்கே நிற்காது, ஸ்லோவில் ஏறுங்கள்.

முக்கியமாகப் பார்க்க வேண்டியது 13வது காம்பவுண்ட். பழைய பிளாஸ்டிக்கை வகை, நிறம் பார்த்துப் பிரித்து, அரைத்து, கழுவி, தகரக் கூரைமேல் காயவைத்து, உருக்கி, குருணையாக வெட்டுகிறார்கள். பிரிப்பதில் கைத்திறன் வேண்டும். வேறு வகை கலந்தால் குருணையின் விலை போய்விடும். கும்பர்வாடாவில் குஜராத்திக் குயவர்களின் சூளை எரியும் நாளில் புகை கண்ணைக் கரிக்கும். ஆஸ்துமா இருந்தால் முன்பே சொல்லிவிடுங்கள். தோல் தொழிலில் திருநெல்வேலித் தமிழர்களின் பங்கு பழையது, 90 அடி சாலையில் தமிழ்ப் பேச்சு கேட்கும்.

மூடிய ஷூ அவசியம். சந்துகளில் மின்கம்பி தலைமட்டத்தில் தொங்கும். ஜூன் முதல் செப்டம்பர் வரை தண்ணீர் தேங்கும். ஞாயிறன்று பல பட்டறைகளுக்கு விடுமுறை.