ஜுவானிட்டா மூர்: கேட்டவர்களுக்குச் சில பதில்கள்

பழைய ஹாலிவுட் துணை நடிகைகள் பற்றி வந்த கேள்விகளில் இந்த முறை ஜுவானிட்டா மூர் பற்றியவற்றை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். 1959-இல் வந்த 'இமிட்டேஷன் ஆஃப் லைஃப்' படத்தில் ஆனி ஜான்சன் என்ற தாயாக நடித்தவர் இவர்.

கேள்வி: இவர் நாடகத்திலிருந்து வந்தவரா?

தொடக்கம் நடனம்தான். 1914-இல் மிசிசிப்பி மாநிலத்தின் கிரீன்வுட் ஊரில் பிறந்து, லாஸ் ஏஞ்சலிஸில் வளர்ந்தவர். நியூயார்க்கின் காட்டன் கிளப் என்ற இரவு விடுதியில் குழு நடனம் ஆடினார். 1949-இல் 'பிங்கி' படத்தில் நர்ஸாக வந்துபோனார். டைட்டிலில் பெயர்கூடப் போடவில்லை.

கேள்வி: அதற்கும் 1959-க்கும் நடுவே பத்து வருடம் இருக்கிறதே, என்ன செய்தார்?

பணிப்பெண், நர்ஸ், காட்டுப் படங்களில் ஆப்பிரிக்கப் பெண். கறுப்பின நடிகைகளுக்கு அன்று கிடைத்ததே அவ்வளவுதான். 1952-இல் 'அஃபேர் இன் டிரினிடாட்' படத்தில் ரீட்டா ஹேவொர்த்தின் பணிப்பெண்ணாக வந்தார்.

கேள்வி: ஆனியும் வீட்டு வேலை செய்பவள்தானே? அதில் மட்டும் அப்படி என்ன விசேஷம்?

நல்ல கேள்வி. ஆனியும் கதாநாயகியாக வரும் லானா டர்னரின் வீட்டில் வேலை செய்பவள்தான். ஆனால் அவளுக்கென்று ஒரு வாழ்க்கை இருக்கிறது. மகள் சாரா ஜேன் பார்ப்பதற்கு வெள்ளைக்காரி போல இருப்பாள். தாயைக் காட்டினால் தானும் கறுப்பினத்தவள் என்ற உண்மை தெரிந்துவிடுமே என்று வீட்டைவிட்டே ஓடிப்போய், லிண்டா என்ற வேறு பெயரில் நடன அரங்கில் ஆடிக்கொண்டிருப்பாள். உடம்பு முடியாத நிலையிலும் ஆனி அவளைத் தேடிப் போவாள்.

மகள் தங்கியிருக்கும் அறையில் நடக்கும் காட்சியை மட்டும் கவனியுங்கள். சின்னக் குழந்தையைப் போல ஒருமுறை உன்னை அணைத்துக்கொள்ளட்டுமா என்று ஆனி கேட்பாள். அந்த நேரம் பார்த்துத் தோழி ஒருத்தி உள்ளே வந்து, ஆனியைப் புது வேலைக்காரி என்று நினைத்து, குளியலறையில் எறும்பு என்று புகார் சொல்வாள். நொடியில் ஆனியின் முகமும் குரலும் மாறிவிடும். "மிஸ் லிண்டாவை வளர்த்த ஆயா நான், இந்தப் பக்கம் வந்தேன், பார்த்துவிட்டுப் போகலாம் என்று" என்ற தோரணையில் பேசி விடைபெறுவாள். மகள் சத்தம் வராமல் உதட்டை மட்டும் அசைத்து 'அம்மா' என்பாள். மூர் அழுது அரற்றவே மாட்டார். பத்து வருடமாக ஹாலிவுட் அவருக்குக் கொடுத்துவந்த அதே பணிவான பணிப்பெண் வேடத்தை, ஒரு தாய் மகளுக்காகப் போட்டுக்கொள்ளும் வேடமாக மாற்றிக் காட்டுகிறார். இயக்குநர் டக்ளஸ் சர்க்கின் படங்களில் இதற்கு இணையான காட்சி வேறில்லை என்பது என் எண்ணம்.

கேள்வி: மகளாக நடித்தவரும் கறுப்பினத்தவரா?

இல்லை. சூசன் கோனரின் தாய் மெக்சிகோவைச் சேர்ந்த நடிகை லுபிதா தோவார். தந்தை ஐரோப்பாவிலிருந்து வந்தவர். இதே கதையை 1934-இல் எடுத்தபோது மகள் வேடத்தில் நடித்த ஃப்ரெடி வாஷிங்டன் கறுப்பின நடிகை. இருபத்தைந்து வருடம் கழித்து இந்த விஷயத்தில் ஹாலிவுட் பின்னுக்குப் போனது எனக்கு இன்றும் உறுத்துகிறது. கோனர் நன்றாகவே நடித்தார், அது வேறு.

கேள்வி: ஆஸ்கார் வாங்கினாரா?

சிறந்த துணை நடிகைக்கான பரிந்துரை கிடைத்தது. நடிப்புக்காகப் பரிந்துரைக்கப்பட்ட ஐந்தாவது கறுப்பினக் கலைஞர் அவர். கோனரும் அதே பட்டியலில் இருந்தார். பரிசு 'தி டயரி ஆஃப் ஆன் ஃபிராங்க்' படத்துக்காக ஷெல்லி வின்டர்ஸுக்குப் போனது.

வேதனை அதற்கு அப்புறம்தான். பரிந்துரைக்கு முன்னால்தான் தனக்கு அதிக வேலை இருந்தது என்று மூர் பின்னர் சொன்னார். ஆஸ்கார் வரை போனவரை ஓரிரு நாள் வேலைக்கு எப்படிக் கூப்பிடுவது என்று தயங்கினார்களாம். சரி, பெரிய வேடமாவது கொடுத்தார்களா என்றால், கறுப்பினப் பெண்ணுக்கென்று பெரிய வேடங்களை யாரும் எழுதவே இல்லை. சின்னதும் போய், பெரிதும் வரவில்லை. திறமைக்கு இதைவிட அநியாயம் என்ன வேண்டும்?

கேள்வி: அதோடு ஒதுங்கிவிட்டாரா?

இல்லவே இல்லை. லண்டனில் 'எ ரெய்சின் இன் தி சன்' நாடகத்திலும், 1965-இல் பிராட்வேயில் எழுத்தாளர் ஜேம்ஸ் பால்ட்வினின் 'தி ஆமென் கார்னர்' நாடகத்திலும் நடித்தார். தொலைக்காட்சித் தொடர்களில் நிறைய வந்தார். எழுபதுகளில் 'தி மேக்', 'ஆபி' போன்ற படங்கள். 2000-இல் வந்த டிஸ்னியின் 'தி கிட்' வரை நடித்திருக்கிறார். 2014 ஜனவரி 1 அன்று, 99 வயதில், லாஸ் ஏஞ்சலிஸில் காலமானார்.

கேள்வி: எதைப் பார்த்துவிட்டு எதைப் பார்க்கலாம்?

1934 படத்தை முதலில் பாருங்கள். அதில் தாயாக வரும் லூயிஸ் பீவர்ஸும் அருமையான நடிகை. அப்புறம் 1959 படம். இறுதி ஊர்வலத்துக்கு முன் தேவாலயத்தில் கிறிஸ்தவப் பக்திப் பாடகி மஹாலியா ஜாக்சன் பாடுவதைக் கேட்காமல் எழுந்துவிடாதீர்கள்.